எட்டு நாள்

பகல் பன்னிரண்டு பத்துக்கு ஒரு சொடுக்கு.
நாளுக்கு அவ்வளவுதான்.
இருபத்துநான்கு நாள் சேர்ந்தால் ஒரு நொடி.
ஓராண்டு முழுக்க எடுத்தால்
பதினைந்து நொடிப் படம்
என்று ஹில்யே சொன்னபோது
அவள் சமையலறையில் உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டிருந்தேன்.
ஒரு கிழங்கு உரிக்கக்கூடப் போதாதே, என்றேன்.

தல்லின் நகரம், கோப்லி முனை.
மரவீடுகளுக்குப் பின்னால் கப்பல் பட்டறையின் கிரேன்.
முற்றத்துக்கு அப்பால் எதிர்வீட்டுச் சுவர்.
அந்தச் சுவரைத்தான் எடுத்தாள்.
காரை உதிர்வதை,
ஈரம் வரைந்த ஏதோ ஒரு தேசம்
மாதாமாதம் எல்லையை நகர்த்துவதை.
நிதி கேட்ட விண்ணப்பத்தில்
கதைச் சுருக்கம் என்ற கட்டத்தில் "ஈரம்" என்று எழுதினாள்.
நிதி வரவில்லை.
இரவெல்லாம் ஹெல்சிங்கி கப்பலில் அறை கூட்டிவிட்டு
பகலில் வந்து பொத்தானை அழுத்தினாள்.
ஜன்னல் விளிம்பில் மூன்று திருகாணி போட்டு
கேமராவை முடுக்கியிருந்தாள்.
தட்டிவிடும் என்று
பூனையைத் தங்கை வீட்டுக்கு அனுப்பிவிட்டாள்.

சுவரில் ஒரு ஜன்னல் உண்டு.
அதை அவள் கணக்கில் எடுக்கவில்லை.
நாலாம் மாதம் ஜன்னலுக்குள் இருந்த ஊர்மஸுக்கு
விஷயம் புரிந்துவிட்டது.
அன்றிலிருந்து
பன்னிரண்டு அடித்ததும் கொக்கியில் ஒரு சட்டை.
இன்று பச்சை, நாளை கோடு போட்டது,
ஞாயிறு என்றால் ஊதா.
கருப்பு வெள்ளைச் சுருள் என்று
யாரும் அவரிடம் சொல்லவில்லை.
"என் சுவரைக் கெடுக்கிறான் கிழவன்!"
குதித்தாள் ஹில்யே.
திரை போடச் சொல்லிக் கடிதம் எழுதினாள்,
கிழித்தாள்,
மறுநாள் என்ன சட்டை என்று என்னிடம் பந்தயம் கட்டினாள்.

பிப்ரவரியில் அவளுக்குக் குடல்வால்.
ஒன்பது நாள் ஆஸ்பத்திரி.
சாவியும் ஒரு துண்டுச் சீட்டும் என் கையில்:
அழுத்து. வேறெதையும் தொடாதே.

இதை இப்போதுதான் சொல்கிறேன்.
புதன் இரவு தண்டவாளத்தில் பனி இறுகி
டிராம் நகரவில்லை.
விடியும்வரை வண்டியிலேயே இருந்தேன்.
வியாழன் வந்து படுத்தேன்.
விழித்தபோது மணி நாலு, வெளியே இருட்டு.
வெள்ளிக்கிழமை
இரண்டு முறை அழுத்தினேன்.

வருஷம் முடிந்தது.
மலிவுக் காப்பித்தூள், சலவைச் சோடா,
வைட்டமின் மாத்திரை இடித்த பொடி.
வாளிக்குள் கால் மணி நேரம் கிடந்தது
முந்நூற்று அறுபத்தைந்து நாள்.
வீடெங்கும் ஈரநாய் வாடை.
உலர்த்தக் கட்டியபோது
குழாயிலிருந்து கதவுத் தாழ்ப்பாள்வரை
மூன்று மீட்டர்கூட இல்லை.
உருப்பெருக்கியைக் கண்ணில் வைத்து நடந்தாள்,
ஏப்ரல், ஜூலை, அக்டோபர்.
பிப்ரவரியில் நின்றாள்.
நான் கரண்டிகளைத் துடைத்தேன்,
துடைத்தவற்றையே மறுபடி துடைத்தேன்.
ஒன்றும் சொல்லாமல் மார்ச்சுக்குப் போனாள்.

டிராம் பணிமனை உணவகத்தில் திரையிடல்.
பதினோரு நாற்காலி, ஒன்பது பேர்.
ஊர்மஸ் டை கட்டிக்கொண்டு வந்திருந்தார்.
இயந்திரம் இரும, சுவர் ஒருமுறை மூச்சுவிட்டது.
ஜன்னலுக்குள்
சாம்பல் நிறத்தில் ஏதோ படபடத்தது,
பறவை என்று நினைத்தார்கள் முன்வரிசையில்.
பிறகு பெயர்கள், படத்தைவிட நீளமாக,
ஊசியால் கீறியவை:
சட்டைகள் – ஊர்மஸ்.
பொத்தான் – ஹில்யே, முந்நூற்று ஐம்பத்தாறு நாள்.
மால்லே, எட்டு நாள்.

எட்டு.
திரும்பிப் பார்த்தேன்.
அவள் சுருளைப் பின்னால் சுற்றிக்கொண்டிருந்தாள்,
ஏனென்றால் ஊர்மஸ் கை தூக்கியிருந்தார்:
"கண் சிமிட்டிவிட்டேன். இன்னொரு முறை."
போட்டாள்.
"இன்னும் ஒரே ஒரு முறை."
போட்டாள்.

படிக்கட்டில் என் கையைப் பிடித்துக்கொண்டு இறங்கினார்.
"பிப்ரவரியில் ஒரு வியாழக்கிழமை" என்றார்,
"சட்டையை மாட்டவில்லை.
போட்டுக்கொண்டு நானே நின்றேன்.
பன்னிரண்டிலிருந்து அரைமணி நேரம், அசையாமல்.
இத்தனை வேகத்தில் எங்கே கண்ணுக்குப் படப்போகிறது."

நான் பார்த்தேனே, என்றேன்.

அவர் ஒரு படி கீழே நின்றார்.
"அப்படியா" என்றார்.
"எந்தப் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தேன்?"